சாப்பிட்ட வீட்டுக்கு எதிராகப் பேச ஓர் அனுமதி

மாரமங்கலத்தில் இருக்கும் என் சகலை, என் மனைவியின் அக்கா கணவர், கோர்ட் சம்மன் கைக்கு வந்த மறுநாள் ஒரு மலைவாழைத் தாருடன் ஏற்காட்டுக்குப் பஸ் ஏறினார். வக்கீலைப் பார்க்க அல்ல. தன் மேல் வழக்குப் போட்ட காபி வியாபாரியைப் பார்க்க. அந்த ஊரில் மனஸ்தாபம் என்றால் முதலில் வீட்டுக்குப் போவதுதான் வழக்கம். வியாபாரி "பாத்துக்கலாம், போங்க" என்றார். அவர் மனைவி இலை போட்டுப் பரிமாறினார். சகலை திருப்தியாகத் திரும்பி வந்து சம்மனைக் காலண்டர் ஆணியில் குத்தி வைத்தார். அதோடு அதை மறந்தும் போனார்.

அடுத்த வாரம் நாங்கள் போனபோது நான் அதை எடுத்துப் படித்தேன். அது சுருக்க விசாரணை வழக்கு. புரோநோட்டு போன்ற எழுத்து ஆதாரம் கையில் உள்ளவர்கள் போடுவது. சம்மன் கிடைத்துப் பத்து நாளுக்குள் பிரதிவாதி ஆஜராகித் தன் முகவரியைக் கோர்ட்டில் கொடுக்க வேண்டும். கொடுக்காவிட்டால் வாதி சொன்னதையெல்லாம் ஒப்புக்கொண்டதாகக் கருதித் தீர்ப்பாகிவிடும். கெடு முடிய மறுநாள் ஒன்றுதான் பாக்கி.

வழக்குக்கு ஆதாரம், அறுவடைக்கு முன் வியாபாரியிடம் அட்வான்ஸ் வாங்கும்போது சகலை எழுதிக் கொடுத்த புரோநோட்டு. காபிக்கொட்டையாகக் கணக்கைத் தீர்த்த பிறகும் நோட்டைத் திருப்பிக் கேட்கவில்லை. அங்கே யாரும் கேட்பதில்லை. கேட்டால் சந்தேகப்படுகிறான் என்றாகிவிடும். இந்த வருடம் அவர் வேறொரு வியாபாரிக்குக் கொட்டை போட்டார். பழைய நோட்டு கோர்ட்டுக்கு வந்துவிட்டது. தீர்ப்பானால் வீட்டை ஒட்டிய காபித்தோட்டம் ஜப்திக்குப் போகும்.

"கொட்டை பூராம் கொடுத்தாச்சுன்னு கோர்ட்டுல சொல்லோணுமுங்க" என்றேன்.

"அவிங்க ஊட்டுல சோறு தின்னுபோட்டு, அவிங்களுக்கு எதிரா எப்படிங்க சகல பேசறது?"

அடுப்படியிலிருந்து அவர் மனைவி எட்டிப் பார்த்தார். "பாருங்க தம்பி, ஒரே எலைச் சோத்துல இவரு வாயக் கட்டிப்போட்டாங்க. நானுந்தான் இத்தன வருசமா ஆக்கிக் கொட்டறேன், எங்கிட்ட ஒரு நாளாச்சும் வாய மூடியிருக்காரா?"

மறுநாள் முதல் பஸ்ஸில் அவரைச் சேலத்துக்கு அழைத்துப் போனேன். வக்கீல் அன்றே ஆஜர் மனு போட்டார். அதன்பின் வாதி தரப்பிலிருந்து இரண்டாவது சம்மன் வந்தது, தீர்ப்புக் கேட்டு. அதற்கும் பத்து நாள்தான். அதற்குள், எதிர்த்து வழக்காட அனுமதி வேண்டும் என்று பிரமாணப் பத்திரத்தோடு மனுச் செய்ய வேண்டும்.

ஒருவர் தன் பக்கத்தைச் சொல்வதற்கே அனுமதி கேட்க வேண்டுமா என்று எனக்கு எரிச்சலாக இருந்தது. உண்மையான எதிர்வாதம் இருப்பதாகத் தெரிந்தால் கோர்ட் மறுக்காது என்றார் வக்கீல். மூட்டை ஏற்றிய ஜீப், எடைச்சீட்டு எல்லாவற்றையும் எழுதிக்கொண்டார்.

"அந்தம்மா சோறு போட்டதையும் எழுதிக்கோங்க" என்றார் சகலை.

"அது எதுக்குங்க?"

"நன்றி கெட்டவன்னு ஜட்ஜய்யா நெனச்சுக்கக் கூடாதில்லீங்க."

வக்கீல் பேனாவை மூடிவிட்டுச் சிரித்தார். எழுதவில்லை.

மனு விசாரணைக்கு வந்த அன்று, கோர்ட்டில் முன்பணம் எதுவும் கட்டச் சொல்லாமலே அனுமதி கிடைத்தது. அதன் அர்த்தத்தை வக்கீல் சகலைக்கு விளக்கினார்: "இனி நீங்க உங்க பக்கத்தை முழுசாச் சொல்லலாமுங்க. கோர்ட் கேக்கும்."

சகலை நேராக வராந்தாவில் நின்ற வியாபாரியிடம் போனார். சண்டைதான் என்று நினைத்து நானும் பின்னாலேயே போனேன். சகலை கைகூப்பி, "ஏனுங்க, ஊட்டுல அம்மா சௌக்கியமுங்களா?" என்று கேட்டார். வியாபாரி தலையாட்டினார்.

"கோச்சுக்காதீங்க. நானா பேச வரலீங்க. கோர்ட்டே பேசச் சொல்லிருச்சு."

வியாபாரி எங்கோ பார்த்துக்கொண்டு, "நீங்க கொண்டாந்த பழம் நொம்ப நல்லா இருந்துச்சுங்க" என்றார்.

எனக்கு எரிச்சலூட்டிய அந்த அனுமதிதான் சகலையின் வாய்க்கட்டை அவிழ்த்தது. வழக்கு இன்னும் முடியவில்லை. ஆனால் அன்று மலையேறும் பஸ்ஸில் அவர் சாட்சிக்கு ஒத்திகை பார்த்தார். மூட்டைக்குச் சாக்கு வாங்கியதில் ஆரம்பித்து, ஒவ்வொரு கொண்டை ஊசி வளைவிலும் கம்பியைப் பிடித்துக்கொண்டு, விடாமல் சொல்லிக்கொண்டே வந்தார். முன்சீட்டுக்காரர் திரும்பி, "அப்பறம் ஜீப் வந்துச்சுங்களா?" என்று கேட்டார்.