ராக்கனின் இரண்டு மனுக்கள்

ரயில் பதுளைக்கு வருமுன் நடந்தது இது. பதுளையில் ஒரு பிரக்கிராசியிடம் நான் குமாஸ்தாவாகச் சேர்ந்து இரண்டாம் மாதம். கோர்ட்டில் வழக்காடுவது அவர் வேலை, மனு எழுதுவது என் வேலை. இங்கிலீஷ் நாலு வார்த்தை தெரிந்ததில் எனக்குத் தலைக்கனம் கொஞ்சமல்ல.

கொஸ்லந்தப் பக்கத்துத் தோட்டங்களுக்கு இருபத்தாறு வருடம் தபால் சுமந்த பியூன் ராக்கன் வந்தார். ஓய்வு பெற்று எட்டு மாதமாகியும் பென்சன் வரவில்லை. கேட்கப் போனால் ஏதோ சாக்குச் சொல்லித் திருப்பி அனுப்பினார்கள். கடைக்காரர் அரிசி கடன் கொடுப்பதையும் நிறுத்திவிட்டார்.

"கேஸ் போடலாங்களா?" என்றார்.

பிரக்கிராசி யாழ்ப்பாணத்துக்காரர். "பென்சன் கடனில்லை, ராக்கன். அரசாங்கம் மனமிரங்கிக் குடுக்கிறது. அதுக்கு வழக்குப் போட ஏலாது. கவர்னருக்கு மனு ஒண்டுதான் வழி. அதுவும் உம்மட பழைய தபால் துரை கையாலதான் போகோணும்."

"அவரு மேசையிலதாங்க பேப்பரே கெடக்கு!"

"என்ன செய்யிறது, முறை அது." என்னிடம் திரும்பி, "பணிவா எழுது" என்று சொல்லிவிட்டுக் கோர்ட்டுக்குப் போனார்.

'தாழ்மையுடன் மன்றாடுகிறேன்' என்று நான் வாசித்ததும் ராக்கன் முகம் கறுத்துவிட்டது. "பிச்சை கேக்கலீங்க தம்பி. மழையில, அட்டைக் கடியில நடந்த கூலியக் கேக்குறேன்."

அடடா, இதுவல்லவோ பேச்சு என்று எனக்கு ரத்தம் சூடேறியது. காகிதத்தைக் கிழித்தேன். பென்சன் என் உரிமை, தாமதத்துக்குத் தபால் துரையே பொறுப்பு என்று காரமாக எழுதி, அவரைத் தாண்டி நேரே கொழும்புக்கு அனுப்பினேன். பிரக்கிராசியிடம் மூச்சுவிடவில்லை.

மூன்று மாதம் கழித்து மனு அப்படியே திரும்பி வந்தது. உரிய வழியில் வரவில்லையாம். பென்சன் எவருக்கும் உரிமை அல்ல என்று ஒரு வரி வேறு. பிரக்கிராசி என்னை ஏசிய ஏச்சை இங்கே எழுத முடியாது. இரண்டாவது மனுவை அவர் சொல்லச் சொல்ல எழுதினேன். மன்றாட்டெல்லாம் இருந்தது. ராக்கன் வாசிக்கச் சொல்லவில்லை, கையெழுத்தைப் போட்டுவிட்டுப் போனார்.

ஆறு வாரத்தில் உத்தரவு வந்தது. பணம் வாங்க அரசாங்கக் கச்சேரிக்குக் கூப்பிட்டால், வந்தது அவர் மனைவி மூக்காயி. வெறும் கழுத்து. ராக்கன் பத்து நாளைக்கு முன் காய்ச்சலில் போய்விட்டார். இறந்த நாள்வரை உள்ள பாக்கியை அந்த அம்மாளிடம் கொடுத்தார்கள். அதற்குப் பிறகு ஒன்றும் கிடையாது.

வாசலில் வைத்து நான் என் தப்பைச் சொன்னேன்.

"அந்த மொத மனுவ லயத்து வீடெல்லாம் சொல்லிச் சொல்லிச் சந்தோசப்பட்டாருங்க. நல்லாத்தான் எழுதியிருப்பீங்க. ஆனா அந்த மூணு மாசமும் தன் கஞ்சிய எனக்கு ஊத்திட்டு, 'நான் அப்பவே குடிச்சிட்டேன்'னு சொன்னாருங்க" என்றார் மூக்காயி.

நடுவாசலில் நின்று அழுதேன்.

மனு எழுதப் பழகும் பிள்ளைகளே, பென்சன் பிச்சையல்ல என்றுதான் இன்றும் சொல்வேன். அந்தச் சண்டையை உங்கள் பெயரில் போடுங்கள். பசித்தவன் மனுவில் உங்கள் வீரத்தை எழுதாதீர்கள்.