கை நனைக்கப் போன நாள்

பல வருஷம் முறைத்துக்கொண்டு நின்ற இரண்டு நாடுகள் மறுபடி தூதரகம் திறக்கப்போகின்றன என்று பேப்பரில் படம் வந்தால், எல்லாரும் தலைவர்கள் கைகுலுக்குவதைப் பார்ப்பார்கள். நான் மேஜைமேல் இருக்கும் தண்ணீரைப் பார்ப்பேன். அதை எந்தத் தரப்பு கொண்டுவந்தது என்று கேட்கத் தோன்றும். வெட்கங்கெட்ட புத்தி, என்ன செய்ய!

திருச்சுழிக்குத் தெற்கே எங்கள் ஊருக்கும் அம்மா பிறந்த ஊருக்கும் பொதுவாக ஒரு கண்மாய். அம்மாவைக் கட்டிக்கொடுத்த சில வருஷத்தில், மடை திறப்பதில் தகராறாகி மண்டைகள் உடைந்தன. கேஸு அருப்புக்கோட்டை கோர்ட்டில் இழுத்தது. அன்றிலிருந்து நல்லது கெட்டது எதற்கும் போக்குவரத்து இல்லை. அம்மாவைப் பெற்றவர் இறந்த அன்று கொட்டுச்சத்தம் எங்கள் வீடுவரை கேட்டது. அம்மா வாசலுக்கு ஓடினாள். பெரியப்பா குறுக்கே நின்றார். என் அப்பா தலையைக் குனிந்துகொண்டு நின்றார். அவ்வளவுதான் அவர்.

எண்பதுகளின் கடைசியில் சமாதானப் பேச்சு வந்தது. நல்ல மனசினால் ஒன்றும் இல்லை; சண்டை போடக் கண்மாயில் தண்ணீரே இல்லை. இரண்டு ஊர் மிளகாயையும் வாங்குகிற வீரசோழன் வியாபாரி ஒருவர் தன் கடையில் இரு தரப்பையும் உட்காரவைத்துப் பேசினார். யார் வாசலில் யார் முதலில் ஏறுவது என்பதற்கே எத்தனையோ தடவை கூடினார்கள். அம்மா ஊரில் பெரிய தலை என் தாய்மாமன். நாங்கள் அவர் வீட்டில் போய்க் கை நனைப்பது, பிறகு அவர்கள் இங்கே வந்து சாப்பிடுவது என்று முடிவானது. ஒருவர் வீட்டுச் சோற்றைத் தின்று எழுந்துவிட்டால் பகை தீர்ந்தது என்று கணக்கு.

போகிற அன்று காலையிலிருந்து அம்மாவுக்குக் கால் தரையில் பாவவில்லை. தங்கிவிட்டு வருவதென்று இரண்டு சேலையை மடித்துப் பையில் வைத்துக்கொண்டாள். "அண்ணே என்னைய ஒடனே விடமாட்டாக, பாரேன்" என்று என்னிடம் சொல்லிச் சொல்லி மாளவில்லை. அப்போது நான் மில்லில் வேலை பார்த்தேன். லீவு போட்டு வந்திருந்தேன்.

மாமா ஊர் எல்லையிலேயே காத்திருந்தார். தங்கையைப் பார்த்ததும் துண்டால் முகத்தை மூடிக்கொண்டார். "வா தாயி" என்றார் அப்புறம். கறியும் சோறுமாக இலை நிறைந்தது. அத்தை செம்பைத் தூக்கிக்கொண்டு தண்ணீர் ஊற்ற வந்தாள். அப்போதுதான் பெரியப்பா சாக்குக்குள்ளிருந்து ஒரு வெள்ளைப் பிளாஸ்டிக் கேனை எடுத்துப் பந்தி நடுவில் வைத்தார்.

"எங்களுக்குத் தண்ணி இருக்கு."

தண்ணீரில் மருந்து வைத்துவிடுவார்களாம்! கறிக்குள் வைக்க மாட்டார்களாமா? அதை ஒருத்தரும் யோசிக்கவில்லை. கறி வாசம் அப்படி.

அத்தைக்கு முகம் சுண்டிப்போனது. "உங்களுக்காகத்தேன் இவுக விடியக்கருக்கல்ல வண்டி கட்டி, நரிக்குடிப் பக்கம் போயி நல்ல தண்ணி..."

"ஏய், சும்மா இரு" என்று மாமா அவளை மறித்தார். அப்பாவைப் பார்த்துச் சிரித்தார். "நம்ம ஊரு உப்புத்தண்ணி அவுகளுக்கு ஒத்துக்கிறாது. கொண்டாந்ததும் நல்லதுதேன். சாப்பிடுங்க மாப்ள."

அப்பா கேனைச் சாய்த்துத் தனக்கு ஊற்றிக்கொண்டார். பக்கத்தில் இருந்த எனக்கும் ஊற்றினார். நானும் குடித்தேன். தூ! வாசலில் அந்தத் தண்ணீர் வண்டி இன்னும் சொட்டிக்கொண்டு நின்றது. அடுப்படி நிலையருகே அப்பளத் தட்டோடு நின்ற அம்மா எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தாள்.

கிளம்பும்போது மாமா, "தங்கச்சி இருக்கட்டும் மாப்ள. நாலு நாள் கழிச்சு நானே கொண்டாந்து விடுறேன்" என்றார். பெரியப்பாவே தலையாட்டினார்.

"இல்லண்ணே, வீட்டுல சோலி கெடக்கு. இன்னொரு நாளைக்கு வாரேன்" என்றாள் அம்மா. எங்களுக்கு முன்னாலேயே விறுவிறுவென்று நடந்தாள். பையை வாங்கப் போனேன், கொடுக்கவில்லை.

சமாதானம் நன்றாகவே நிலைத்தது. அடுத்த மாதமே மாமா வந்தார். எங்கள் வீட்டுத் தண்ணீரைக் கேட்டு வாங்கி ஒரே மூச்சில் குடித்தார். இரண்டு ஊராரும் பெண் கொடுத்து எடுத்தார்கள். பெரியப்பா சீட்டாடக்கூட அங்கே போனார். அம்மா மட்டும் போகவில்லை. தொண்ணூறுகளில் நான் பைக் வாங்கியதும் வாசலில் கொண்டுவந்து நிறுத்தி, "ஏறும்மா, மாமா வீட்டுக்குப் போயிட்டு வருவோம்" என்று கூப்பிட்டேன்.

"அப்ப மறிச்சாக, போகல. அது அவுக பாவம்னு இருந்தேன்" என்றாள் அம்மா. "இப்ப எந்த மொகத்த வச்சுக்கிட்டுப் போவேன்? நான் பெத்த பிள்ள, நீயும் அந்தக் கேன் தண்ணியத்தானடா குடிச்ச."