கையில் ஓடும் இரைச்சல்

முதலில் வீங்கியது முகம்தான். காலையில் எழுந்தால் என் மகள் சுமதிக்குக் கண் இரண்டும் உப்பியிருக்கும். அதைப் பார்த்துப் பெருமைப்பட்டவன் நான். ஐந்தாவதோடு படிப்பை விட்டு, ஆர்.கே.பேட்டையில் கூலிக்குத் தறி ஓட்டியவன், இன்று பன்னிரண்டு விசைத்தறிக்குச் சொந்தக்காரன். யாரும் கைகொடுத்துத் தூக்கிவிடவில்லை. "நம்ம ஊட்டு சோறு மொகத்துல தெரியுது பாரு" என்று வருகிறவர்களிடமெல்லாம் சொன்னேன். ஆறு மாதம் சொன்னேன்.

"காலும் வீங்குது நைனா, செருப்பு ஏறல" என்றாள்.

"பெரிசா வாங்கிக்கோ" என்றேன்.

திருத்தணி மலைப்படியில் பாதியில் மூச்சு வாங்கி உட்கார்ந்துவிட்டாள். அன்றுதான் ஆஸ்பத்திரிக்குப் போனோம். கிரியாட்டினின் (சிறுநீரகம் வெளியேற்றாமல் இரத்தத்தில் தங்கும் கழிவு) மிகவும் ஏறியிருந்தது. இரண்டு சிறுநீரகமும் போய்விட்டன. வயது இருபத்து நான்கு.

"ஏம்மா இவ்ளோ லேட்டா வந்தீங்க?" என்றார் டாக்டர்.

"எனக்குத்தான் தெரியல மேடம்" என்றாள். என் பக்கம் திரும்பவே இல்லை.

"என்னோடத எடுத்துக்குங்க. இரும்பு ஒடம்புங்க இது" என்றேன்.

"உங்களுக்கு சர்க்கரை இருக்கே, எடுக்க முடியாதுங்க."

அவள் அம்மாவுடையதும் சேரவில்லை.

வாரம் மூன்று நாள் டயாலிசிஸ் (இயந்திரத்தால் இரத்தத்தைச் சுத்தம் செய்வது). அதற்காக இடது கையில் ஃபிஸ்டுலா (இரண்டு இரத்தக் குழாய்களை இணைத்துத் தைப்பது) வைத்தார்கள். தொட்டால் அதிரும், காது வைத்தால் இரையும். அது நின்றால் உடனே ஓடி வரச் சொன்னார்கள்.

"உனக்குப் பதிமூணாவது தறி, நைனா" என்று சிரித்தாள்.

முதல் மாதம் நான்தான் அழைத்துப் போனேன். பிறகு, "அங்கயும் வந்து உன் பெருமையே பேசிகினு இருக்கற. நான் பஸ்ல போய்க்கிறேன்" என்று தனியாகக் கிளம்பிவிட்டாள்.

உங்கள் வீட்டில் யாருக்காவது முகம் வீங்கினால் சிறுநீரையும் இரத்தத்தையும் சோதித்துப் பாருங்கள். சோற்றின் பெருமை என்று இருந்துவிடாதீர்கள்.

பன்னிரண்டு தறி ஓடும்போது எதில் இழை அறுந்தது என்று காதாலேயே சொல்லிவிடுவேன். என் மகள் உடம்பு சொன்னது மட்டும் அந்தக் காதில் விழவில்லை. இப்போது விடிந்ததும் அவள் கையில் காது வைக்கிறேன். அதற்குப் பிறகுதான் தறிக்கு சுவிட்ச். அடுத்த வருடத்தைப் பற்றிப் பேசுவதை விட்டுவிட்டேன்.

நேற்று அப்படிக் காது வைத்தபடியே கேட்டேன். "என்னாலதானேம்மா?"

இரைச்சல் காதில் ஓடிக்கொண்டிருந்தது.

"ஆமா நைனா" என்றாள்.

கையை எடுத்துக்கொள்ளவில்லை. தறி நேற்று வெகுநேரம் கழித்துத்தான் ஓடியது.