பச்சைக் கொடிக்கு முன்

அந்தப் பாலக்காரரின் பெயரை நான் கேட்டதேயில்லை. மலேசியாவில் சுங்கைப் பட்டாணியிலிருந்து தெற்கே போகும் ரயில் பாதையில், படகுகளுக்கு வழிவிட நடுத்தூணின் மேல் சுழன்று திறக்கும் பழைய இரும்புப் பாலம் அது. வெள்ளைக்காரன் கட்டியது. பாலம் திறந்தால் ரயில் நின்றுவிடும். நாங்கள் இறங்கி வேடிக்கை பார்ப்போம். பாலத்தைத் திறந்து மூடுபவர் அவர்தான். மெலிந்த உடம்பு, எண்ணெய்க் கறை படிந்த காக்கிச் சட்டை, கழுத்தில் சின்னச் சிலுவை. பாலம் மூடியதும் சப்பாத்தைக் கழற்றிவிட்டு, தண்டவாளங்கள் இணையும் இடம் சரியாகப் பொருந்தியிருக்கிறதா என்று வெறுங்காலால் மிதித்துப் பார்த்த பிறகுதான் பச்சைக் கொடி காட்டுவார்.

எழுபதுகளின் கடைசியில் ஒரு மத்தியானம், மனைவிக்கு வலி கண்டுவிட்டதென்று தகவல் வந்து ரயிலில் போய்க்கொண்டிருந்தேன். பாலம் திறந்திருந்ததால் ரயில் நின்றுவிட்டது. படகு போய், பாலமும் மூடியாயிற்று. அவரோ நிதானமாகச் சப்பாத்துக் கயிற்றை அவிழ்த்துக்கொண்டிருந்தார்.

"அண்ணே, பொண்டாட்டி ஆஸ்பத்திரில இருக்கா. இன்னிக்கு மட்டும் விட்டுருங்கலா!"

"தலப்பிள்ளையா?"

"ஆமாண்ணே."

"அப்ப நீ முழுசாப் போய்ச் சேரணும்லா, தம்பி" என்றவர், இரண்டு முனையிலும் வழக்கத்தைவிட மெதுவாக மிதித்துப் பார்த்தார்.

நான் போவதற்குள் மகள் பிறந்துவிட்டாள். அவள் பள்ளிக்கூடம் போகும் வயதில், இனித் திறப்பதில்லை என்று பாலத்தைப் பூட்டிவிட்டார்கள். இப்போது ரயில் அங்கே நிற்பதில்லை. அந்த இடம் வந்ததும் நான் மட்டும் செருப்பைக் கழற்றிவிட்டு, பாதத்தைத் தரையில் ஊன்றிக்கொள்கிறேன்.