அஞ்சலையின் மகள்

இரண்டாயிரத்து ஆறாம் ஆண்டு, டுரியான் பருவம். பாலேக் பூலாவிலிருந்து லாரி லாரியாகப் பழம் வந்து இறங்கிக்கொண்டிருந்த நாள்களில் ஒரு காலை, பினாங்குத் தீவின் கெலுகோரில் இருந்த கௌரியின் வீட்டு வாசலில் ஒரு சீனப் பெண் வந்து நின்றாள். நாற்பதைத் தாண்டிய வயது. பருத்திச் சேலை, நெற்றியில் சாந்துப்பொட்டு, கையில் ஒரு பிளாஸ்டிக் கூடை. கணவர் மெய்யநாதனின் மணிவிழா விருந்துக்குச் சமையற்காரரை எதிர்பார்த்திருந்த கௌரி, யாரோ வீடு மாறி வந்துவிட்டார்கள் என்றெண்ணி மலாயில் கேட்டாள்.

"சாரி சியாப்பா?"

"யாரயும் தேடல ஆச்சி. சமையலுக்குச் சொல்லி வுட்டீங்களாமே, நான்தான் நவமணி. மொதல்ல அடுப்பக் காட்டுங்க. மூஞ்சிய அப்புறமா நிதானமாப் பாத்துக்கலாம்."

கௌரிக்கு வெட்கமும் சிரிப்பும் ஒருசேர வந்தன. அன்று பிடித்துப்போன பெண்ணை அவள் பிறகு விடவே இல்லை.

கௌரியின் மாமியார் முத்தம்மை ஆச்சி பழைய காலத்து மனுஷி. தம் அடுப்படிக்குள் காலெடுத்து வைக்கும் எவரையும், "நீங்க எந்த ஆளுங்க?" என்று கேட்காமல் விட்டதில்லை. விடை மனத்துக்கு ஒவ்வாவிட்டால், அன்றைய கூலியைக் கொடுத்துப் பின்வாசல் வழியாக அனுப்பிவிடுவார். நவமணியைக் கண்டதும் வழக்கம்போல் வாயைத் திறந்தவர், அவளுடைய முகத்தைப் பார்த்ததும் அப்படியே மூடிக்கொண்டார். சீனத்தியிடம் எதைக் கேட்பது? அவர் மனத்தில் இருந்த படிக்கட்டில் அவளுக்கு மேற்படியும் இல்லை, கீழ்ப்படியும் இல்லை.

"சரி, உள்ள போ. உப்பப் பாத்துப் போடு" என்று மட்டும் சொன்னார்.

தீவில் இருந்த தமிழ் வீடுகளின் அடுப்படிகளெல்லாம் நவமணிக்கு இப்படித்தான் திறந்தன. சுங்கை பினாங் அடுக்குமாடியில் காதுகுத்து என்றாலும், பெரிய மண்டபத்தில் திருமணம் என்றாலும் அவளைக் கூப்பிட்டார்கள். ஒருவர் வீட்டில் மற்றவர் கை நனைக்காத குடும்பங்கள்கூட, அவள் கையால் சமைத்ததை இருவேறு நாள்களில் உண்டன. பிற்பகலில் வேலை ஓய்ந்ததும் கௌரியும் அவளும் பின்கட்டில் அமர்ந்து கோப்பி குடிப்பார்கள். அந்த அரைமணி நேரத்துக்காகவே ஏதேனும் ஒரு விருந்தைக் கூட்டலாமா என்று கௌரி யோசித்ததுண்டு.

"சீனனுக்குச் சேன்னு ஒன்னு இருக்கு ஆச்சி, குலப்பேரு. அது இல்லேன்னா அவன் கொங்சிச் சங்கத்துக்குள்ள நாக்காலி கெடைக்காது. மலாய்க்காரங்களுக்குத் துங்கு, சையது. நம்ம கதையச் சொல்லவே வேணாம். இப்பப் புதுசாப் பட்டம் வாங்கின தத்தோன்னு ஒரு சாதி வந்திருக்கு. அவங்களுக்குத் தனி மேச, தனிக் கறி! எனக்கு மட்டும் ஒன்னும் கெடையாது. ஃப்ரீயாப் போயிட்டு ஃப்ரீயா வர்றேன்லா."

கௌரி கண்ணில் நீர் வரச் சிரித்தாள். அந்தக் கேலிக்குள் என்ன இருந்தது என்பது அப்போது அவளுக்குத் தெரியவில்லை.

நவமணி பிறந்தது ஒரு சீனக் கடைக்காரர் குடும்பத்தில். வரிசையாகப் பெண்கள் பிறந்த வீட்டில், புலி ஆண்டில் வந்த இந்தக் குழந்தை குடும்பத்துக்கு ஆகாது என்று யாரோ ஒரு சோதிடன் சொல்லிவிட்டான். துறைமுகத் தொழிலாளி ஒருவரின் மனைவியான அஞ்சலை, பிள்ளையில்லாத ஏக்கத்தோடு சுங்கை பினாங்கிலிருந்து வந்து, துணியில் சுற்றிய குழந்தையை வாங்கிக்கொண்டு போனாள். சில ஆண்டுகள் கழித்து அஞ்சலைக்குத் தங்கராஜு பிறந்தான். அதற்காக நவமணிக்கு ஊட்டும் கவளம் சிறுத்துவிடவில்லை.

"கல்யாணம் ஏன் பண்ணிக்கல?" என்று ஒரு மழைநாளில், வெங்காயம் உரித்துக்கொண்டே கௌரி கேட்டாள்.

"கேட்டு வந்தாரே! வாசுன்னு பேரு. ஃபெரியில வேல. கயிறு வீசிக் கட்டறப்போ பாக்கணும் நீங்க." நவமணி தலையை நிமிர்த்தவில்லை. "அம்மா ஒரே பேச்சாச் சொல்லிட்டாங்க, அவன் நம்ம ஆளு இல்லன்னு. நான் சிரிச்சேன். அம்மா, நானே நம்ம ஆளு இல்லியேன்னு சொன்னேன். கன்னத்துல வுட்டாங்க பாருங்க ஒன்னு!"

"அடிச்சாங்களா?"

"அடிச்சுட்டு அழுதாங்க. யாருடி சொன்னா, நீ என் மக, என் சாதிதான் ஒன் சாதின்னாங்க. அது வரைக்கும் யாரும் என்னய அப்பிடிச் சொன்னதில்ல ஆச்சி. வாசுவக் கட்டிக்கிட்டா அந்தப் பேச்சு பொய்யாப் போயிரும்னு தோணிச்சு. வுட்டுட்டேன்."

"பைத்தியக்காரி! அதுக்காகவா ஒரு மனுசன விட்டே?"

"ஒங்களுக்குப் பொறக்கறப்பவே கெடச்சிருச்சு. அதான் அதோட அரும தெரியல."

வாசு பிறகு வேறொரு பெண்ணை மணந்து கெப்பாலா பத்தாஸ் பக்கம் குடிபோனார். அவரைப் பற்றி நவமணி ஒரு குறையும் சொன்னதில்லை. அஞ்சலையோ மூப்பில் படுக்கையில் விழுந்தாள். குளிப்பாட்டியதும் ஊட்டியதும் மகள்தான். தங்கராஜு ஞாயிற்றுக்கிழமைகளில் வந்து, வாசற்படியில் செருப்பைக் கழற்றியபடியே, "அம்மா எப்பிடிக்கா?" என்று கேட்டுவிட்டுப் போவான்.

இரண்டாயிரத்துப் பதின்மூன்றில் அஞ்சலை இறந்தாள். அடுக்குமாடியின் கீழ்த்தளத்தில் உடலைக் கிடத்தியிருந்தார்கள். அஞ்சலையின் தம்பி நாராயணன், சாதிச் சங்கத்தில் பொறுப்பில் இருந்தவர், வாய்க்கரிசிக்கு ஆள்களை முறைப்படி அழைத்துக்கொண்டிருந்தார். முதலில் மக்களும் பங்காளிகளும், பிறகு சம்பந்தக்காரர்கள், கடைசியில் ஊரார். தங்கராஜுவின் பின்னால் நவமணி கைப்பிடி அரிசியோடு வந்தாள். கௌரி தூணருகே நின்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

"நீ இரும்மா. ஊர்க்காரங்க போடறப்போ போடலாம்" என்றார் நாராயணன்.

"ஏன் மாமா?"

"எடுத்து வளத்த புள்ளதானே. ரத்தம்னு ஒன்னு இருக்குல்ல. நாலு பேரு பாக்கறாங்க."

நவமணி அசையவில்லை. "வாசு கேட்டு வந்தப்போ நீங்களுந்தான் நடுவுல ஒக்காந்திருந்தீங்க. நம்ம பொண்ண அந்த ஆளுங்களுக்குக் குடுக்க மாட்டோம்னு சொன்னது நீங்கதான் மாமா. அன்னிக்கு எந்த ரத்தம்?"

நாராயணன் கீழே பார்த்தார். அவள் தம்பியைத் திரும்பிப் பார்த்தாள். தங்கராஜு ஏதேனும் ஒரு வார்த்தை சொல்லுவான் என்று கௌரியும் காத்திருந்தாள்.

"பெரியவங்க சொல்றாங்கல்ல. கொஞ்சம் நில்லேன்க்கா" என்றான் அவன்.

நவமணி நின்றாள். பங்காளிகள் போனார்கள், சம்பந்தக்காரர்கள் போனார்கள், அண்டை வீட்டுக்காரர்கள் போனார்கள். அதுவரை மூடியிருந்த கையை எல்லாருக்கும் பிறகே திறந்தாள். வியர்வையில் அரிசி உள்ளங்கையோடு ஒட்டிக்கொண்டிருந்தது.

"சண்ட போட்டு முன்னாடி போயிருக்கலாமே" என்று கௌரி பின்னொரு நாள் ஆற்றாமல் கேட்டாள்.

"போட்டிருந்தா அம்மா வாயில சண்டதான் வுழுந்திருக்கும் ஆச்சி."

ஆனால் அவள் மறந்துவிடவில்லை. மறு ஆண்டு, சங்கத்தின் ஆண்டுவிருந்துக்குச் சமைக்க வேண்டும் என்று நாராயணனே தேடி வந்தபோது, கையைச் சேலையில் துடைத்துக்கொண்டு, "ஊர்க்காரங்க சமைச்சா ஒங்க ஆளுங்க சாப்புடுவாங்களா மாமா? நாலு பேரு பாப்பாங்களே" என்று கேட்டாள். அவர் கோப்பியைக்கூடக் குடிக்காமல் எழுந்து போனார். அதைச் சொல்லிச் சொல்லிக் கௌரியும் அவளும் பின்கட்டில் சிரித்த சிரிப்பை இன்று நினைத்தாலும் கௌரியின் உதடுகள் தாமாகவே விரிகின்றன. அந்தப் பின்கட்டையும் பிறகு இடித்துக் கார் நிறுத்தும் கொட்டகையாக்கிவிட்டார்கள்.

சிரிப்போடு அந்த வலி தீர்ந்ததென்று கௌரி நினைத்தாள். தீரவில்லை. இரண்டாயிரத்து இருபத்திரண்டில், நோய் முற்றி மருத்துவமனையில் கிடந்த நவமணி, மெலிந்த விரல்களால் கௌரியின் கையைப் பற்றினாள்.

"ஆச்சி, ஒன்னு கேப்பேன். நான் போனப்புறம் பொறந்த வீட்டுக் கோடி நீங்க கொண்டாந்து போத்தணும்."

இறந்த பெண்ணுக்கு அவள் பிறந்த வீட்டார் போர்த்தும் புதுப்புடவை அது. மணமாகாதவளுக்கு அந்த வழக்கமே கிடையாது. வேறு சாதியார் அதைக் கொண்டுவந்ததாகக் கௌரி கேள்விப்பட்டதும் இல்லை.

"தங்கராஜு இருக்கானே, நவமணி."

"அவன் மாமாவக் கேட்டுட்டுத்தான் கொண்டாருவான். நீங்க யாரயும் கேக்க மாட்டீங்க."

"எங்க ஆளுங்க என்னயக் கேப்பாங்களே."

"கேட்டா என்னா சொல்லுவீங்க?"

கௌரி முத்தம்மை ஆச்சியின் வீட்டு மருமகள். கேட்கப்போகிறவர்களின் முகங்கள் ஒவ்வொன்றாக அவள் கண்முன் வந்து போயின.

"என் தங்கச்சின்னு சொல்லுவேன்."

நவமணி கண்களை மூடினாள். உறங்கிவிட்டாள் என்று கௌரி கையை மெல்ல விடுவித்துக்கொள்ளப் பார்த்தபோது, பிடி இறுகியது.

"அப்ப நல்ல செவப்பா ஒன்னு எடுங்கக்கா. பச்ச வேணாம். பச்சயில நான் செத்த மாதிரி தெரிவேன்."