கஞ்சித் துணியில் கட்டிய காயம்

2024 ஜூலை 9, செவ்வாய். ஐந்து மணிக்கு எழுந்து தண்ணீர் பிடித்தேன். ஏழரைக்குச் சாப்பாடு. எட்டுக்கு, ராஜபாளையத்தில் நான் வேலை பார்க்கும் பேண்டேஜ் துணித் தறிக்கூடத்தைத் திறந்தேன். நெய்து வரும் துணியில் கறையும் இழை அறுந்த இடமும் பார்த்து ஒதுக்குவது என் வேலை.

பத்து நாற்பதுக்கு, தறிக்கடியில் பஞ்சுத்தூசி தட்டிக்கொண்டிருந்த வன்னியம்பட்டி அக்காவின் உள்ளங்கையில் துருப்பிடித்த தகட்டு முனை ஆழமாக ஏறிவிட்டது. முதலாளி தறியிலிருந்தே இரண்டு முழம் கிழித்துச் சுற்றினார்.

"ஊரு ஒலகத்துக்கே கட்டுத்துணி நெய்யுதோம். நமக்கு எதுக்கு ஆஸ்பத்திரி?"

எல்லோரும் சிரித்தார்கள், அக்கா உட்பட. முடிச்சுப் போட விரல் கொடுத்தவன் நான். எழுத வெட்கமாக இருக்கிறது.

தறியிலிருந்து இறங்கும் துணி பேண்டேஜ் அல்ல. கஞ்சியும் எண்ணெயும் தரைப்புழுதியும் சேர்ந்தது. வெளுத்து, நீராவியில் கிருமி நீக்கிய பிறகுதான் அது காயத்தில் படலாம். இது முதலாளிக்குத் தெரியாதா? அதைச் சொல்லித்தானே விற்கிறார்?

மதியம் அக்காவை ஆஸ்பத்திரிக்குக் கூப்பிட்டேன். முதலாளி வந்து, கட்டுக்கு வெளியே தெரிந்த அக்காவின் விரல்களைத் தொட்டுப் பார்த்தார். "வீக்கம் இல்ல, சூடு இல்ல. பொறவு என்னய்யா?"

அங்கேதான் எனக்குப் பொறுக்கவில்லை. வீக்கமும் சூடும் உடம்பு சண்டை போடும் அடையாளம். தோல் கிழிந்ததும் ரத்தத்தின் வெள்ளணுக்கள் ஓடிவந்து, இன்ன கிருமி என்று பார்க்காமல் எல்லாவற்றையும் விழுங்கப் பார்க்கின்றன. அது பிறவியிலேயே வந்த காவல். இன்னொரு காவல் கிருமியின் அடையாளத்தைப் படித்து, அதற்கென்றே எதிர்ப்பொருள் செய்து, நினைவிலும் வைத்துக்கொள்ளும். முதல்முறை படிக்க அதற்கு நாள்கள் ஆகும். டெட்டனஸ் கிருமியோ வீக்கம்கூடக் காட்டாமல் காற்றுப் புகாத ஆழத்தில் கிடந்து விஷம் கக்கும். உயிரை எடுக்கும் அளவு விஷம்கூட, உடம்புக்கு அடையாளம் கற்பிக்கப் போதாது. தடுப்பூசிதான் முன்கூட்டிக் கற்பிக்கிறது. அந்த நினைவும் வருடங்களில் மங்கிவிடும். விரலைத் தொட்டுப் பார்த்து நிம்மதி சொல்ல இவர் யார்?

கடைசியாக எப்போது ஊசி போட்டீர்கள் என்று அக்காவிடம் கேட்டேன்.

"சின்னவன் வயித்துல இருக்கயில, தம்பி. அவன் பட்டாளத்துக்குப் போயே நாலு வருசம் ஆச்சு."

யாரிடமும் அனுமதி கேட்கவில்லை. என் பைக்கில் ஏற்றி ஸ்ரீவில்லிபுத்தூர் அரசு மருத்துவமனைக்குக் கூட்டிப்போனேன். கட்டு காயத்தோடு ஒட்டியிருந்தது. நர்ஸ் நனைத்து நனைத்துப் பிரித்தார்.

"பேண்டேஜா இது? கஞ்சி வாடை அடிக்கு. யாரு கட்டுனது?"

அக்கா என்னைப் பார்த்தார். "நாங்கதான்" என்றேன்.

காயத்தை வெகுநேரம் கழுவினார்கள். சின்ன வயதில் போட்ட ஊசிக் கணக்கு தெரியாததால் இரண்டு ஊசிகள்: நினைவைத் தூண்ட ஒன்று, அது எழும்வரை காக்க, தயாராகச் செய்த எதிர்ப்பொருள் மற்றொன்று. அடுத்த ஊசிக்கு வரவேண்டிய நாளைச் சீட்டில் எழுதிக் கொடுத்தார்கள். அக்காவை வன்னியம்பட்டியில் இறக்கிவிட்டேன். முதலாளி போனில், நான் தறிக்கூடத்தின் மானத்தை வாங்கிவிட்டதாகச் சொன்னார்.

மறுநாள் காலை முதல் வேலையாக, தறிகளின் சுவிட்சைப் போடாமல், வந்திருந்த ஒன்பது பேரிடமும் கடைசி ஊசி எந்த வருடம் என்று கேட்டு எழுதினேன். பத்தாவதாக முதலாளியிடம் கேட்டேன்.

"பள்ளிக்கூடத்துல போட்டிருப்பாக" என்றார்.

தெரியாது என்று எழுதிக்கொண்டேன்.