கோழியிடம் சொன்ன சேதி

“பேச்சை நிறுத்திட்டா சண்டையும் நின்னுரும்ல சார்?” என்று, நான் பள்ளிக்கூடத்தில் வேலை பார்த்தபோது ஒரு மாணவி கேட்டாள். இன்று அன்னவாசல் பஸ்ஸில் அதற்குப் பதில் கிடைத்தது.

எனக்கு முன்னால் இரண்டு ஓரகத்திகள், கிணற்றுத் தகராறில் பேச்சு அறுந்தவர்கள். மூத்தவள் மடியில் கூடையும் கோழியும். இளையவள் கையில், புதுக்கோட்டை ஆஸ்பத்திரியில் கிடக்கும் புருஷனுக்குக் கஞ்சித் தூக்கு.

மூத்தவள் கோழியிடம் சொன்னாள்: “காலிக் கட்டிலுக்குக் கஞ்சி போகுது பாரு!”

இளையவள் ஜன்னலைப் பார்த்துச் சொன்னாள்: “என் தாலிய அறுக்கப் பாக்குற வாயி புழுத்துப் போகும்!”

பஸ் முழுக்கச் சிரித்தது.

இறங்கியதும் இளையவள் ஆஸ்பத்திரிக்கு ஓடினாள். நான் மூத்தவளிடம் கேட்டேன்: “அதென்னம்மா காலிக் கட்டில்?”

“அவ புருஷனை நேத்தே திருச்சிக்கு மாத்திட்டாக சார். எங்க வீட்டுக்காரருதான் கூடப் போயிருக்காக.”

“அதை அவளிடம் சொல்லக் கூடாதா?”

“அதான் பஸ்ஸே கேக்கச் சொன்னேன்ல!”

நான் போய்ச் சேர்வதற்குள், வெறுங்கட்டிலைப் பிடித்துக்கொண்டு இளையவள் மாரில் அடித்து அழுதுகொண்டிருந்தாள். கஞ்சி தரையெல்லாம். புருஷன் உயிரோடு இருக்கிறான் என்று நம்ப வைப்பதற்குள் திருச்சி பஸ்ஸும் போய்விட்டது.

ஜாடை பேசுகிறவர்கள் மேல் எனக்கு இனி இரக்கம் கிடையாது. இதை எழுதி ஒட்டியிருக்கும் வாசகசாலைப் பலகையில் கீழே இடம் விட்டிருக்கிறேன். அவர்களுக்கு வக்காலத்து வாங்குகிறவர்கள் பெயர் போட்டு எழுதலாம்.

மற்றவர்கள், இன்று யார்மேல் கோபமோ அவரை முறை சொல்லிக் கூப்பிட்டு, முகத்தைப் பார்த்துத் திட்டிப் பாருங்கள்.